கவிஞர் காலமான பிறகு அவருக்கு நண்பரானவர்

நண்பர்களில் பல வகை உண்டு. சாப்பாட்டு வேளை பார்த்து வந்து சேருகிறவர், புத்தகத்தை வாங்கிப் போய் அதை மறந்துவிடுகிறவர், நமக்கு உடம்பு சரியில்லை என்று பார்க்க வந்து தன் உடம்பைப் பற்றி ஒரு மணி நேரம் பேசிவிட்டுப் போகிறவர். இவர்களை எல்லாம் நீங்கள் அறிவீர்கள். நான் இன்று உங்களுக்கு அறிமுகப்படுத்தப் போகிறவர் வேறு இனம். இவர் கவிஞர்களுக்கு மட்டுமே நண்பராவார். அதுவும் கவிஞர் காலமான பிறகுதான்.

இந்த இனம் எல்லா நாட்டிலும் இருக்கிறது என்றாலும், கனடாவின் கிழக்குக் கோடியில், கேப் பிரெட்டன் தீவில், எங்கள் ஸ்கேட் கோவ் கிராமத்தில் வளர்ந்த ஒன்றை நான் பக்கத்திலிருந்து பார்த்திருக்கிறேன். பெயர் முர்டாக் சிஷம். எங்கள் ஊரில் முர்டாக் சிஷம்கள் பலர் இருப்பதால், ஆளுக்கொரு அடைமொழி வைத்தால்தான் கூப்பிட முடியும். படகு முர்டாக் உண்டு, செம்பட்டை முர்டாக் உண்டு. நம்மவர் காப்பீட்டு முகவராக இருந்து ஓய்வு பெற்றவர் என்பதால் இன்சூரன்ஸ் முர்டாக்.

கவிஞர் பெயர் டூகல் மக்கெக்ரன். நண்டுப் படகில் கூலிக்குப் போய்க்கொண்டே கவிதை எழுதியவர். அவர் உயிரோடு இருந்தவரை அந்தக் கவிதைகளை ஊர் எப்படிப் போற்றியது என்று கேட்காதீர்கள். தன் பிக்கப் வண்டியின் பின்பக்கத்தில் புத்தகங்களை வைத்துக்கொண்டு மாதா கோயில் வாசலில் நிற்பார். இரக்கப்பட்டு ஆளுக்கு ஒன்று வாங்கினோம். எங்கள் வீட்டுப் பிரதி, மேலே தூக்கினால் நிற்காமல் கீழே இறங்கிவிடும் குளியலறை ஜன்னலுக்கு நல்ல முட்டாக இருந்தது. பிறகு ஒரு பிப்ரவரியில் டூகல் போய்ச் சேர்ந்தார். அதற்கடுத்த வருடம் டொரோண்டோக்காரர்கள் அவருக்கு ஒரு பெரிய பரிசு கொடுத்தார்கள். ஊரே ஜன்னலை மூடிவிட்டுப் புத்தகத்தைத் துடைத்து மேஜைமேல் வைத்தது.

சாதாரண நட்பு சந்திப்பு நின்றதும் மெல்ல மெல்லத் தேயும். முர்டாக்கின் நட்பைப் பாருங்கள். டூகல் இறந்த மாதம் அவர் சொன்னது, "தபாலாபீஸ்ல ரெண்டொரு தடவை பாத்திருக்கேன். நல்ல மனுஷன்." பரிசுச் செய்தி வந்த வாரம் இருவரும் அதே தபாலாபீஸ் வாசலில் நின்று நெடுநேரம் பேசியிருந்தார்கள். பத்திரிகைக்காரர்கள் ஊருக்கு வரத் தொடங்கியபோது இருவரும் சேர்ந்து மீன் பிடித்திருந்தார்கள். கவிதை ஒன்று பள்ளிப் பாடத்தில் சேர்ந்தபோதோ, அதில் ஒரு வரியை முர்டாக்தான் திருத்திக் கொடுத்திருந்தார். டூகல் பாவம், கல்லறைத் தோட்டத்தில் கிடந்த இடத்தை விட்டு அசையவில்லை. நட்பு மட்டும் நடந்து நடந்து எங்கேயோ போய்க்கொண்டிருந்தது.

இந்த இனத்தை அடையாளம் காண்பது சுலபம். கவிஞரின் பெயரைச் சொல்வதற்கு முன்னால் குரலை ஒரு படி இறக்குவார். பெயரையும் முழுசாகச் சொல்ல மாட்டார். பெற்ற தாயே கூப்பிட்டறியாத ஒரு செல்லப் பெயர் வைத்திருப்பார். நமக்கு டூகல், இவருக்கு டூகி. யாராவது ஒரு கவிதையைப் புகழ்ந்தால், "அது அச்சுல வந்த வடிவம்" என்று சொல்லிவிட்டுக் கடலைப் பார்ப்பார். அச்சில் வராத வடிவம் எது என்று கேட்டால், "அது எங்க ரெண்டு பேருக்குள்ள" என்பார். இன்னொருவர் வீட்டுச் சாவுக்குப் போய், முக்கோணமாக வெட்டிய முட்டை சாண்ட்விச்சைக் கையில் வைத்துக்கொண்டு, டூகலின் சாவைப் பற்றிப் பேசுவார். அவரிடம் இருந்த டூகலின் புத்தகத்தை நான் ஒருமுறை எடுத்துப் பார்த்தேன். முதல் பக்கம் மட்டும் கசங்கியிருந்தது. மற்றப் பக்கங்கள் அன்று வாங்கியவைபோல ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டிருந்தன.

அடைமொழியையும் மாற்றிக்கொள்ளப் பார்த்தார். இனிமேல் தன்னை 'டூகலின் முர்டாக்' என்று கூப்பிட்டால் பொருத்தமாக இருக்கும் என்று கூட்டுறவுக் கடையில் ஒரு நாள் சும்மா சொல்வதுபோலச் சொன்னார். எங்கள் பக்கத்தில் அப்படிக் கூப்பிட்டால் டூகலின் மகன் என்று பொருள். முர்டாக் டூகலைவிட மூத்தவர். கல்லாவில் இருந்த ஜெஸ்ஸி, "அப்பனுக்கு முந்திப் பொறந்த புள்ளைய இப்பத்தான் பாக்கறேன்" என்று சொல்லி உருளைக்கிழங்கை நிறுத்துப் போட்டாள்.

இதுவரைக்கும் சிரித்துக்கொண்டே போய்விடலாம். யாருக்கும் நஷ்டமில்லை. ஆனால் இந்த இனம் வளர்ந்தால் ஒரு கட்டத்தில் குழு அமைக்கும். அமைத்தது. டூகல் மக்கெக்ரன் நினைவுக் குழுவுக்கு ஜெஸ்ஸி தலைவி, முர்டாக் நிரந்தர ஆலோசகர், நானும் ஒரு உறுப்பினன். நாற்காலி போடுவது என் பொறுப்பு. டூகல் எழுதிய அறையை அப்படியே பாதுகாத்து, குறுக்கே கயிறு கட்டி, கோடையில் வருகிற சுற்றுலாக்காரர்களுக்கு வாசலில் நிறுத்திக் காட்டுவது என்பது முர்டாக்கின் திட்டம். அது வீட்டின் முன்னறை. அரசாங்கத்தோடு ஒரு தடவை ஒப்பந்தம் போட்டுவிட்டால் அந்த அறையில் ஒரு சாமானை அசைக்கக்கூடாது, ஒரு சாமானை உள்ளே கொண்டுவரவும் கூடாது.

அந்த வீட்டில் ஒருத்தி குடியிருந்தாள் என்பதுதான் சிக்கல். டூகலின் மனைவி ஃப்ளோரா. படுக்கையறை மாடியில், மாடிப்படி ஏணி மாதிரி செங்குத்து. மூட்டு இரண்டும் போய்விட்டதால் கோடையிலிருந்தே அவள் மாடிக்குப் போகவில்லை. அடுப்புப் பக்கத்தில் ஒரு நாற்காலியில் உட்கார்ந்தபடியே தூங்கினாள். பனி விழுவதற்குள் முன்னறையில் ஒரு கட்டில் போட்டுக்கொண்டால் வீட்டிலேயே காலத்தை ஓட்டிவிடலாம். இல்லையென்றால் நகரத்து முதியோர் இல்லத்துக்குப் போக வேண்டும். கட்டில் விஷயத்தை அவள் ஜெஸ்ஸியிடம் இரண்டு தடவை சொன்னாள். "டூகலோட பேரு நிக்கணும்னு எனக்கும் ஆசைதான் ஜெஸ்ஸி. நானும் எங்கயாவது படுக்கணுமில்ல?" ஜெஸ்ஸி அதை முர்டாக்கிடம் சொன்னாள். முர்டாக் கண்களை மூடிக்கொண்டு, "டூகி இருந்தா என்ன சொல்லியிருப்பான்னு எனக்குத் தெரியும்" என்றார். டூகலோடு குடும்பம் நடத்தியவளுக்கு அது தெரிந்திருக்குமோ என்று கேட்கும் எண்ணம் எங்களில் ஒருவருக்கும் வரவில்லை.

முடிவெடுக்கும் கூட்டம், ஊர்க் கூட்டமெல்லாம் நடக்கிற தீயணைப்பு நிலைய மண்டபத்தில் நடந்தது. மாகாணத் தலைநகர் ஹாலிஃபாக்ஸிலிருந்து, பழைய கட்டடங்களைப் பாதுகாக்கிற அரசுத் துறை அம்மணி ஒருவர் வந்திருந்தார். டூகல் அந்த அறையில்தான் எழுதினார் என்பதற்கு ஒரு நேரடி சாட்சி வேண்டும் என்றார். முர்டாக் அதற்குள் எழுந்து நின்றிருந்தார்.

"நான் சொல்றேன். ஒரு நாள் பெரிய பனிப்புயல். என் கார் பள்ளத்துல எறங்கிடுச்சு. நடந்தே போய் முன்கதவத் தட்டறேன். டூகி வந்து தெறக்கறான். கையில பேனா. 'வா முர்டாக், இப்பதான் ஒரு வரி முடிஞ்சுது, நீ கேட்டாத்தான் எனக்குத் திருப்தி'ங்கறான். அந்த ஜன்னலோரம், அந்த மேஜையில உக்காந்து..." குரல் தழுதழுத்தது. அவர் நடிக்கவில்லை என்பதை இங்கே நான் சொல்லியாக வேண்டும். கண்ணில் வந்தது நிஜக் கண்ணீர்.

 மண்டபத்தில் ஆளாளுக்குத் தேநீர்க் கோப்பைக்குள் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"எந்தக் கதவு முர்டாக்?" என்று ஜெஸ்ஸி மெதுவாகக் கேட்டாள்.

"முன்கதவுதான்."

"கடலப் பாத்த கதவா?"

"ஆமா, பின்ன?"

பின்வரிசையிலிருந்து படகு முர்டாக்கின் குரல் வந்தது. "ஏணி கொண்டு போயிருந்தியாப்பா?"

ஹாலிஃபாக்ஸ் அம்மணிக்கு ஏன் எல்லாரும் தோள் குலுங்க உட்கார்ந்திருக்கிறார்கள் என்று புரியவில்லை. உங்களுக்கும் புரிந்திருக்காது. எங்கள் ஊரில் உயிரோடிருக்கிறவன் எவனும் முன்கதவு வழியாக ஒரு வீட்டுக்குள் போக மாட்டான். உறவுக்காரன், அண்டை வீட்டுக்காரன், கடன்காரன், எல்லாருக்கும் அடுப்படிக் கதவுதான். முன்கதவைச் சவப்பெட்டிக்காகத்தான் திறப்பார்கள். அதனால் பல வீடுகளில் அதற்குப் படிக்கட்டுகூடக் கட்டுவதில்லை. டூகல் வீட்டு முன்கதவு தரையிலிருந்து ஓர் ஆள் உயரத்தில் இருக்கிறது. உள்பக்கம் அதை அடைத்துக்கொண்டு ஒரு பியானோ நிற்கிறது.

முர்டாக்கும் இந்த ஊரில் பிறந்தவர்தானே, அவருக்கு இது தெரியாதா? தெரியும். ஆனால் இந்தக் கதையை அவர் டொரோண்டோ பத்திரிகைக்காரர்களிடம் சொல்லிச் சொல்லியே வளர்த்தார். அவர்கள் ஊரில் முன்கதவைத்தான் தட்டுவார்கள். கேட்கிறவர்களுக்குத் தோதாகக் கதை மெல்ல மெல்ல நகர்ந்து, அடுப்படியைச் சுற்றிக்கொண்டு முன்பக்கம் வந்துவிட்டது. ஒரு கதையை நிறைய தடவை சொன்னால், சொல்கிறவருக்கு அது நடந்ததாகவே ஆகிவிடும்.

முன்வரிசையில் உட்கார்ந்திருந்த ஃப்ளோரா நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். முர்டாக்கைப் பார்த்த பார்வையில் கோபம் இல்லை.

"அந்தக் கதவ நாங்க ஒரே ஒரு தடவதான் தெறந்தோம் முர்டாக். பியானோவத் தள்ளிட்டு, பலகை சாத்தி, டூகலத் தூக்கிட்டுப் போனாங்க. அன்னைக்கு ஊரே வந்துச்சு. நீ குளிருக்குப் பயந்து ஃப்ளோரிடாவுல இருந்த."

முர்டாக் உட்கார்ந்துவிட்டார். அந்த நிமிஷம் எனக்கு அவர்மேல் பரிதாபம்தான் வந்தது. சிரித்துக்கொண்டிருந்தவர்களும் நிறுத்திவிட்டார்கள்.

"அந்த ரூம்ல அவன் எழுதினதே இல்லம்மா," என்று ஃப்ளோரா ஹாலிஃபாக்ஸ் அம்மணியிடம் திரும்பினாள். "நான் ரேடியோவ நிறுத்த மாட்டேன்னு அவனுக்குக் கோவம். வெளியில பிக்கப் வண்டியில ஹீட்டரப் போட்டுக்கிட்டு உக்காந்து எழுதுவான். எல்லாப் புஸ்தகமும் அந்த வண்டியில எழுதினதுதான். அந்த ரூம்ல ஒரு ராத்திரி இருந்தான். அதுவும் பெட்டியில."

"இதை நீங்க முன்னாடியே சொல்லலையே?"

"யாரும் கேக்கலையேம்மா. வந்தவங்க எல்லாரும் அடுப்படியில டீயக் குடிச்சிட்டு, முர்டாக் வீடு எங்க இருக்குன்னுதான் என்கிட்ட கேட்டாங்க."

அந்த வார்த்தை மண்டபத்தில் இருந்த எல்லாரையும் தொட்டது. ஜெஸ்ஸி மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். பிறகு ஃப்ளோராவுக்குக் கட்டில் போட ஆதரவு தெரிவிப்பவர்கள் கை தூக்கலாம் என்றாள். எல்லாக் கைகளும் எழுந்தன. முர்டாக்கின் கை கடைசியாக, கொஞ்சம் தாமதமாக எழுந்தது.

மறுநாளே கட்டிலை இறக்கினோம். "முர்டாக்கயும் வரச் சொல்லு" என்று ஃப்ளோரா சொல்லியிருந்தாள். வந்தார். அந்தச் செங்குத்துப் படியில் கட்டிலின் கனமான பக்கத்தை அவர்தான் தாங்கினார். முகம் சிவந்து, மூச்சு வாங்கி, ஒரு வார்த்தை பேசாமல் தாங்கினார். பியானோவைச் சுவரோரம் தள்ளிக் கட்டிலைப் போட்டோம். ஃப்ளோரா அதில் உட்கார்ந்து காலை நீட்டிப் பார்த்தாள். எத்தனையோ நாள் கழித்து நீட்டிய கால். பிறகு அடுப்படியில் கறுப்பாகக் கொதித்த தேநீரும் ஓட்ஸ் ரொட்டியும் கொடுத்தாள். முர்டாக் அந்த அடுப்படியை முதல் தடவையாகப் பார்க்கிறார் என்பது அவர் சுற்றிச் சுற்றிப் பார்த்ததிலேயே தெரிந்தது.

அவர் தலை குனிந்திருந்ததைப் பார்த்து ஃப்ளோராவுக்கு மனசு கேட்கவில்லை போலும். "டூகலுக்கு உன்னத் தெரியாமலாம் இல்ல முர்டாக்," என்றாள். "பாலிசி போடச் சொல்லி நீ வருவல்ல, உன் காரு திருப்பத்துல வந்தாலே ஓடிப் போய்க் கோழிக்கூட்டுக்குள்ள ஒளிஞ்சுக்குவான். ஒரு தடவ நீ ரொம்ப நேரம் வெளியவே நின்னுட்ட. உள்ள உக்காந்துக்கிட்டே ஒரு கவிதைய முடிச்சிட்டான்."

முர்டாக் நிமிர்ந்தார். "எந்தக் கவிதை?"

"கோழியப் பத்தினது. அதான், பள்ளிக்கூடப் புஸ்தகத்துல போட்டிருக்காங்களே."

அவர் முகத்தில் வெளிச்சம் ஏறுவதை நாங்கள் எல்லாரும் பார்த்தோம். ஃப்ளோராவும் பார்த்தாள், சொல்லியிருக்க வேண்டாம் என்று அவளுக்கு அப்போதே தோன்றியிருக்க வேண்டும். "அப்ப," என்றார் முர்டாக், கோப்பையைக் கீழே வைத்துவிட்டு, குரலை ஒரு படி இறக்கி, "அந்தக் கவிதை என்னாலதான் வந்துச்சு."

நினைவுப் பலகையை அந்த பிக்கப் வண்டியின் கதவில் அடித்திருக்கிறோம். கோடையில் வருகிறவர்களுக்கு வண்டியைக் காட்டுவது முர்டாக். டூகி தனக்காகவே எழுதிய கவிதையைப் பற்றி அங்கே அவர் முக்கால் மணி நேரம் பேசுகிறார், எல்லாரும் கேட்கிறார்கள். ஃப்ளோரா முன்னறை ஜன்னல் வழியாக அதைப் பார்த்துக்கொண்டு, ரேடியோவைச் சத்தமாக வைத்துக்கொண்டு, படுத்திருக்கிறாள்.

முர்டாக்கை நினைத்து நீங்கள் சிரித்திருப்பீர்கள். நல்லது. ஒன்றை மட்டும் சரிபார்த்துக்கொள்ளுங்கள். போன தடவை உங்கள் ஊரில் ஓர் எழுத்தாளர் காலமானபோது, இரங்கல் எழுதினீர்களே, "கடைசியாகப் பேசியபோது என்னிடம் அவர்..." என்று தொடங்கி. கூடவே ஒரு புகைப்படமும் போட்டிருந்தீர்கள். அதை இப்போது எடுத்துப் பாருங்கள். நடுவில், வெளிச்சத்தில், முகம் முழுசாகத் தெரிய நிற்பது யார்? ஓரத்தில் பாதி வெட்டுப்பட்டு நிற்கிற அந்தத் தோள் யாருடையது?