வரி குறைக்க ஒரு நெஞ்சுவலி

இந்த வருஷம் அரசாங்கத்துக்கு ஒற்றைப் பைசா வரி கொடுப்பதில்லை என்று ஏசுஅடிமை தீர்மானம் போட்டார்.

தீர்மானம் போட்ட இடம், தேங்காய்ப்பட்டணம் துறைமுகத்தில் ஏலக்கூடத்திலிருந்து ரோட்டுக்கு ஏறும் சரிவு. பாதிச் சரிவில், ஒரு ஐஸ் பெட்டியின் மேல் உட்கார்ந்துகொண்டு போட்டார். உட்காரவேண்டும் என்று ஆசைப்பட்டு உட்காரவில்லை. நெஞ்சின் நடுவில் யாரோ முழங்காலை ஊன்றி ஏறி நிற்பதுபோல் இருந்தது. உட்கார்ந்தவர் சும்மா இருப்பாரா? போனை எடுத்துப் பார்த்தார். அவர் யாருக்காக மீன் வாங்கிக் கொடுக்கிறாரோ அந்த ஏற்றுமதிக் கம்பெனி மாதக் கமிஷனை அனுப்பியிருந்தது. வரி பிடித்தது போக.

"பிடிச்சானா! எனக்க வேர்வையில கைய வச்சுப் பிடிச்சானா!"

கத்தியதில் நெஞ்சு இன்னும் இறுகியது. ஒரு சோடா வாங்கிக் குடித்தார். ஏப்பம் வந்தது. ஏப்பம் வந்தால் அது வாயு. வாயுவுக்கு எவனாவது டாக்டரிடம் போவானா?

ஏசுஅடிமை பள்ளிக்கூடத்தில் படித்தது கொஞ்சம். கடற்கரையில் பட்டுப் படித்தது மீதி. மீசை முளைக்கும் முன்பே மீன்பெட்டி சுமந்து, ஏலத்தில் நாலு பேரிடம் ஏமாந்து, ஐந்தாவது ஆளிடம் ஏமாறாமல் இருக்கக் கற்றுக்கொண்டவர். அதன்பிறகு அவர் பேரம் பேசாத இடம் இல்லை. சொந்தக் கல்யாணத்துக்கு வந்த பேண்டு செட்டில் ஒரு டிரம்மைத் திருப்பி அனுப்பி விலையைக் குறைத்தார். பாவசங்கீர்த்தனத்தில் பாதிரியார் பத்து முறை ஜெபம் சொல்லச் சொன்னால், "ஏழுக்கு முடியுங்க ஃபாதர்" என்பார்.

அவருடைய வித்தை ஒன்றே ஒன்றுதான். வாங்கப் போகிறவன் முதலில் சரக்கைக் குறை சொல்லவேண்டும். நெய்மீன் துள்ளிக்கொண்டு கிடந்தாலும் "கண்ணு குழிஞ்சு போச்சே" என்பார். செவுள் ரத்தச் சிவப்பாக இருந்தாலும் "வெளுத்துல்லா கெடக்கு" என்று மூக்கைப் பிடிப்பார். விற்கிறவனுக்கே தன் மீன்மேல் சந்தேகம் வந்துவிடும். விலை இறங்கிவிடும்.

வீட்டுக்குள் காலை வைக்கும்போதே குரல் கொடுத்தார்.

"ஏட்டி விக்டோரியா! பெனினுக்குப் போன் போடு. எனக்க வரிய எனக்குத் திருப்பித் தரணும்."

விக்டோரியா அயலை மீன் கழுவிக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து கணவர் முகத்தைப் பார்த்தாள். சட்டை நனைந்து ஒட்டியிருந்தது. மார்ச் மாத வெயில்தான். ஆனால் வெயிலுக்கு வருகிற வேர்வை நெற்றியில் இப்படிக் குளிர்ந்து நிற்காது.

"திரும்பவும் வந்துதா?"

"என்னது?"

"நெஞ்சுவலி."

"வலியும் இல்ல, கிலியும் இல்ல. வாயு."

"இஞ்ச பாருங்க. மார்த்தாண்டம் போய் ஒரு இ.சி.ஜி. எடுத்துட்டு வருவோம். ஒரு மணிக்கூர் போதும்."

"வாயுவுக்கு இ.சி.ஜி.யா? நாளைக்குத் தும்மினா ஸ்கேன் எடுக்கச் சொல்லுவ போலிருக்கே!"

"எங்க அண்ணனும் வாயுன்னுதான் சொன்னாரு."

விக்டோரியாவின் அண்ணன், வாயு வாயு என்று சொல்லிக்கொண்டே கடலுக்குப் போய், வலை இழுக்கும்போது போட்டிலேயே சாய்ந்தவர். கரைக்கு வந்தபோது அவரை இறக்கிய கைகளில் ஏசுஅடிமையின் கையும் ஒன்று. அந்தக் கனம் இன்னும் தோளில் இருந்தது. பயம் வந்தால் அவருக்குக் கோபம்தான் வரும். வேறொன்றும் வராது.

"வாய வச்சுட்டு சும்ம இருட்டி! ஆஸ்பத்திரின்னு இன்னொருக்க சொன்னா நான் போட்டுல ஏறி லட்சத்தீவுக்குப் போயிருவேன். கேட்டியா!"

கேட்டாள். அயலையைக் கழுவினாள். கழுவின அயலையையே மறுபடியும் கழுவினாள்.

சாப்பாடு முடிந்து அவர் கை கழுவும்போதுதான் பேசினாள். "வரி குறைய ஒரு வழி உண்டுன்னு பெனின் சொன்னான்."

ஏசுஅடிமையின் காது நிமிர்ந்தது. பெனின், விக்டோரியாவுக்குத் தூரத்துச் சொந்தம். கருங்கலில் வருமானவரிக் கணக்கு எழுதுகிறவன். போனை ஸ்பீக்கரில் போட்டாள்.

"மாமா, குடும்பத்துக்கு ஹெல்த் இன்சூரன்ஸ் இருந்தா, அதுக்குக் கட்டுன பணத்தை வருமானத்துல கழிச்சுக் காட்டலாம். பழைய முறையில கணக்குக் காட்டணும். அவ்வளவுதான்."

"வரி முழுசும் போயிருமா?"

"முழுசும் போகாது. கொஞ்சம் குறையும். ஆனா மார்ச் முடியுமுன்ன கட்டியிருக்கணும்."

"எம்புட்டு கட்டணும்?"

"அது வயசையும் உடம்பையும் பொறுத்து மாமா. உடம்பு எப்படின்னு கேட்டுட்டுத்தான் சொல்லுவாங்க."

"ஓஹோ! பாத்து விலை சொல்லுவானா?" ஏசுஅடிமையின் முகத்தில் ஏலக்கூடத்து வெளிச்சம் வந்தது. "அவனுக்க நம்பரைக் கொடு. பாதிக்கு நான் முடிக்கலேன்னா எனக்க பேரை மாத்திக்கோ."

"நீங்க கூப்பிடாண்டாம்," என்றாள் விக்டோரியா. "அவங்களே கூப்பிடுவாங்க."

மறுநாள் காலை, ஏலம் முடிந்து அவர் வீட்டுக்கு வந்து நாற்காலியில் விழுந்ததும் போன் வந்தது. ஒரு பெண்குரல்.

"வணக்கம். டாக்டர் ஆதிரா பேசுறேன். உங்க உடம்பைப் பத்திச் சில கேள்விகள்—"

"தெரியும் மக்கா, தெரியும். எல்லாம் பெனின் சொல்லியாச்சு. விலைக்கு வா."

"விலையா?" குரல் கொஞ்சம் தடுமாறியது. "அது இருக்கட்டும். உடம்பு எப்படி இருக்கு?"

ஏசுஅடிமை விக்டோரியாவைப் பார்த்துக் கண்ணடித்தார். இப்போது பார், உன் புருஷன் பேசும் பேச்சை!

"உடம்பா? மகா மோசம்."

விக்டோரியாவின் கையில் இருந்த அகப்பை அப்படியே நின்றது.

"மோசம்னா?"

"ரெண்டு படி ஏறினா மூச்சு வாங்கும். துறைமுகச் சரிவுல பாதியில உக்காராம ஏற முடியாது. நெஞ்சு நடுவுல ஆளு ஏறி மிதிச்ச மாதிரி வலி."

"வேர்க்குமா?"

"குடத்தோட தண்ணி ஊத்தின மாதிரி. அதும் குளிர் வேர்வை."

"வலி வேற எங்கேயாவது போகுமா? தோள், கை?"

அதற்கு மட்டும் ஏசுஅடிமை உடனே பதில் சொல்லவில்லை. அதை அவர் யாரிடமும் சொன்னதில்லை. தனக்குத்தானே கூடச் சொல்லிக்கொண்டதில்லை. ஆனால் சரக்கில் ஒரு குறை கையில் இருக்கும்போது அதைச் சொல்லாமல் விடுகிறவன் வியாபாரியா?

"இடது கைக்கு இறங்கும். விரல் வரைக்கும் மரத்துப் போவும்."

"எப்போலேருந்து?"

"கிறிஸ்மசுலேருந்து. முதல்ல எப்பவாவது. இப்போ தினமும்."

விக்டோரியா சுவரில் சாய்ந்தாள். மூன்று மாதமாகக் கெஞ்சியும் அழுதும் அவள் வாங்க முடியாத சொல்லையெல்லாம் அவர் இப்போது கூவிக் கூவிக் கொட்டிக்கொண்டிருந்தார்.

"அதனால மக்கா, இது பழைய சரக்கு. ஐஸ் போடாம வச்ச மீன். செவுள் வெளுத்தாச்சு, கண்ணு குழிஞ்சாச்சு. இதுக்கெல்லாம் முழு விலை கேட்டா கர்த்தருக்கே அடுக்காது. பாதியில முடிச்சுக்கோ."

மறுமுனையில் சத்தம் இல்லை. பேரத்தில் எதிராளி மௌனமானால் விலை இறங்கப் போகிறது என்று அர்த்தம். ஏசுஅடிமை காலை ஆட்டிக்கொண்டு காத்திருந்தார்.

"சார், இப்படி ஒரு உடம்பை எந்த இன்சூரன்ஸ்காரனும் பாதி விலைக்கு எடுக்க மாட்டான். முழு விலைக்கும் எடுக்க மாட்டான். இரட்டிப்புக் கொடுத்தாலும் எடுக்க மாட்டான்."

கால் ஆடுவது நின்றது.

அப்போதுதான் அவருக்கு உறைத்தது. இத்தனை வருஷ வியாபாரத்தில் வாங்குகிற ஆளும் அவரே, சரக்கும் அவரே என்று ஒரு ஏலம் வந்ததில்லை. வாங்குகிறவனாக நின்று, விற்கவேண்டிய மீனை ஊர் கேட்க நாறடித்திருந்தார்.

"ஏ மக்கா! நில்லு நில்லு! நான் சும்ம வெளையாட்டுக்குச் சொன்னேன். எனக்கு ஒண்ணும் இல்ல. இரும்பு! நேத்து ராத்திரி பிடிச்ச நெய்மீன் மாதிரி கெடக்கேன்!"

"அப்படின்னா வந்து காட்டுங்க. மார்த்தாண்டம் ஆஸ்பத்திரிக்கு. இப்பவே."

"காட்டுதேன்! டெஸ்ட் எடுத்து, ஒண்ணும் இல்லேன்னு எழுதி வாங்கிட்டு, அதுக்கப்புறம் பேசுதேன் விலை!"

போனை வைத்துவிட்டு எழுந்தார். வாசலில் ஏற்கனவே ஒரு வாடகைக் கார் நின்றது. பக்கத்தில் ஒரு பை. அதில் அவர் கட்டிக்கொள்ளச் சாரம், துடைக்கத் துவர்த்து, பல் துலக்கும் பிரஷ். ஒரு டெஸ்டுக்குப் போகிறவனுக்குப் பிரஷ் எதற்கு என்று யோசிக்க அவருக்கு நேரம் இல்லை. கோபத்தில் இருந்தார்.

வழியெல்லாம் இன்சூரன்ஸ் கம்பெனிகளைத் திட்டிக்கொண்டே வந்தார். விக்டோரியாவின் முந்தானைக்குள் ஜெபமாலையின் மணிகள் ஒவ்வொன்றாக நகர்ந்துகொண்டிருந்தன.

ஆஸ்பத்திரியில் இ.சி.ஜி. எடுத்தார்கள். ரத்தம் எடுத்தார்கள். மறுபடியும் இ.சி.ஜி. எடுத்தார்கள். பிறகு கண்ணாடி போட்ட ஒரு சின்னப் பெண் கட்டிலுக்குப் பக்கத்தில் வந்து நின்றாள்.

"வந்துட்டீங்களா அங்கிள்?"

அந்தக் குரல்! ஏசுஅடிமை துள்ளி எழுந்தார். "நீ போன்ல பேசுன இன்சூரன்ஸ்காரியில்லா!"

"நான் அப்படிச் சொல்லவே இல்லையே அங்கிள். டாக்டர்னுதான் சொன்னேன். உங்க ரெஜிஷாவும் நானும் ஒரே கிளாஸ்."

ரெஜிஷா அவருடைய மகள். மஸ்கட்டில் இருக்கிறாள். ஏசுஅடிமை மெதுவாகத் தலையைத் திருப்பி விக்டோரியாவைப் பார்த்தார். அவள் ஜன்னலுக்கு வெளியே ஒரு தென்னைமரத்தை வெகு அக்கறையாகப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஏட்டி..." என்று ஆரம்பித்தார்.

"அங்கிள், சண்டையை அப்புறம் வச்சுக்கலாம்." ஆதிரா சிரிக்கவில்லை. "இருதயத்துக்குப் போற ரத்தக்குழாய்ல அடைப்பு தெரியுது. இப்பவே உள்ள கொண்டுபோய்ப் பாக்கணும்."

"மாத்திரை தந்து முடிக்க முடியாதா?"

"முடியாது."

"திங்கக்கிழமை வரட்டா?"

"முடியாது."

"நாளைக்குக் காலையில ஏலத்தை மட்டும் முடிச்சுட்டு—"

"அங்கிள், நாளைக்கு வர ஆள் இருக்காது."

எதிராளி ஒரு படிகூட இறங்காத பேரத்தை ஏசுஅடிமை வாழ்க்கையில் கண்டதில்லை. விக்டோரியா சம்மதப் படிவத்தையும் பேனாவையும் நீட்டினாள்.

கையெழுத்துப் போட்டார். வண்டியில் படுக்கவைத்துத் தள்ளிக்கொண்டு போனார்கள். கதவுக்குப் பக்கத்தில் நிறுத்தச் சொன்னார்.

"விக்டோரியா... எனக்குப் பயமா இருக்கு."

"எனக்கும்தான்," என்றாள் அவள். "போய்ட்டு வாங்க."

கதவு மூடியது. அவள் அந்தக் கதவுக்கு முன்னால் உட்காரவில்லை. அது மறுபடி திறக்கும்வரை நின்றே இருந்தாள்.

திறந்தது. அடைப்பு இருந்த இடத்தில் ஒரு சின்னக் கம்பி வலையை வைத்து விரித்திருந்தார்கள். இன்னும் ஒரு நாள் தள்ளியிருந்தால் என்று ஆதிரா ஆரம்பித்தாள். வேண்டாம் என்று விக்டோரியா கைகாட்டினாள்.

மறுநாள் வார்டில் ஏசுஅடிமைக்குச் சரியாகப் பேச்சு வந்தது. வந்த முதல் பேச்சு:

"எம்புட்டு ஆச்சு?"

"ஒண்ணும் வெப்ராளப்பட்டு நெஞ்சைக் கெடுக்காண்டாம். இன்சூரன்ஸ் கொடுத்தாச்சு."

"எந்த இன்சூரன்ஸ்? நான்தான் ஒண்ணும் எடுக்கலியே!"

"எடுத்திருக்கிய. மூணு வருஷமா உண்டு. எங்க அண்ணன் செத்த அந்த மாசமே எடுத்தது." விக்டோரியா ஆரஞ்சு உரித்துக்கொண்டே சொன்னாள். "வருஷா வருஷம் பெனின் அதைக் காட்டித்தான் உங்க வரியில கொஞ்சம் திரும்ப வாங்குதான். அந்தப் பணத்தோட வீட்டுச் செலவுல மிச்சம் பிடிச்சதையும் போட்டு அடுத்த வருஷத்துக்குக் கட்டுதேன்."

"எனக்க வரி திரும்ப வந்துட்டா இருந்துது?"

"பின்னே?"

"எனக்குத் தெரியாம எனக்க பேர்ல எப்படிட்டி எடுத்த? போனுக்கு ஓ.டி.பி. நம்பர் வந்திருக்குமே!"

"வந்துதே. நீங்கதான் சத்தமா வாசிச்சுத் தந்திய."

"அது காஸ் சிலிண்டருக்குல்லா!"

"சிலிண்டருக்குன்னு நான் சொல்லல்ல. எதுக்குன்னு நீங்க கேக்கல்ல."

கட்டிலுக்குப் பக்கத்தில் இருந்த எந்திரம் பீப் பீப் என்று வேகம் பிடித்தது. நர்ஸ் எட்டிப் பார்த்து முறைத்தாள். ஏசுஅடிமை குரலை இறக்கவேண்டியதாயிற்று. அடங்கிய குரலில் கோபப்படுவது எத்தனை கஷ்டம் என்று அன்றுதான் தெரிந்தது.

"எங்கிட்ட ஏன் சொல்லல்ல?"

"சொன்னா நீங்க கம்பெனிக்காரனுக்குப் போன் போட்டு விலை பேசுவிய. நீங்க விலை பேசுத லட்சணத்தை நேத்து ரெண்டு காதாலயும் கேட்டேன். அன்னைக்கே பேசியிருந்தா அவன் உங்கள எடுத்திருப்பானா?"

ஒரு சுளை ஆரஞ்சு வாய்க்குள் வந்தது. மென்றார். மென்று முடித்ததும், போன மானத்தைக் கொஞ்சமாவது மீட்டெடுக்கவேண்டும் என்று தோன்றியது.

"இஞ்ச பாரு. நடந்தது நடந்துபோச்சு. இனிமேல் இந்த வீட்டுல எனக்குத் தெரியாம, எனக்க சம்மதம் இல்லாம, ஒரு காரியமும் நடக்கப்பிடாது. பேர் எனக்குள்ளது, போன் எனக்குள்ளது, பணம் எனக்குள்ளது. கேட்டியா?"

"கேட்டேன்," என்றாள் விக்டோரியா பணிவாக.

தலையணைக்குப் பக்கத்தில் இருந்த அவருடைய போன் சிணுங்கியது. எடுத்துக் கையை நீட்டித் தூரமாகப் பிடித்தார். கண்ணைச் சுருக்கினார்.

"ஏதோ நம்பர் வந்திருக்கு."

"வாசிங்க."

"ஏழு... மூணு... ஒம்பது... ரெண்டு... ரெண்டு... எட்டு."

விக்டோரியா தன் போனில் ஆறு முறை தட்டினாள்.

"எதுக்குட்டி?"

"அடுத்த வருஷத்துக்குக் கட்டியாச்சு. தூங்குங்க."