என் மூக்கை நெடுக்காக வெட்டிய தம்பிக்கு

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதிக்கொள்வது. நீயும் உன் மனைவியும் பிள்ளைகளும் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருப்பீர்கள் என்று நம்புகிறேன். உன் முழங்கால் வலி தேவலையா? தேவலை என்றால் சந்தோஷம். ஏனென்றால் இதைப் படித்து முடித்ததும் நீ என் காலில் வந்து விழ வேண்டியிருக்கும். அப்போது மண்டி போட முடியவில்லை என்று சாக்குச் சொல்லக் கூடாது.

விசாரிப்பு முடிந்தது, விஷயத்துக்கு வருகிறேன். என் தம்பி குழந்தைகளுக்குப் புத்தகம் எழுதுகிறான், அதைப் படித்து நாலு பிள்ளைகள் உருப்படுகிறார்கள் என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் பெருமையடித்துக்கொண்டிருந்தவள் நான். அதற்கு நீ செய்த கைம்மாறு எங்கள் குடியிருப்பின் லிஃப்டில்தான் எனக்குத் தெரியவந்தது. மேல்மாடிச் சிறுமி ஒருத்தி படப் புத்தகமும் கையுமாக அம்மாவோடு நின்றாள். புத்தகத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், மறுபடியும் புத்தகத்தைப் பார்த்தாள். “அம்மா, இவங்கதான் குறட்டை அத்தை!” என்றாள். “ச்சூ, சும்மா இரு” என்று அடக்கிய அம்மாவும் அட்டையை ஒரு தரம் பார்த்துவிட்டு, உதட்டைக் கடித்துக்கொண்டு லிஃப்டின் கூரையை ஆராய ஆரம்பித்தாள். வாங்கிப் பார்த்தேன். முகவாய்க்கட்டையில் என் மச்சம். கழுத்தில் கயிறு கட்டித் தொங்கும் என் கண்ணாடி. பச்சை நைட்டி. வாயோ லாரி ஷெட்டு மாதிரி திறந்து கிடக்கிறது. தெருவுக்குள் திருடர்கள் வருகிறார்களாம், அத்தையின் குறட்டையில் ஜன்னல்கள் கிடுகிடுக்கின்றனவாம், உள்ளே சிங்கம் வளர்க்கிறார்கள் என்று பயந்து அவர்கள் போட்டது போட்டபடி ஓடுகிறார்களாம், மேயர் பதக்கம் குத்த வந்தால் அத்தை மேடையிலேயே தூங்கிவிடுகிறாளாம்! தம்பி, நான் குறட்டை விடுவதே கிடையாது. அதற்குச் சாட்சி சொல்லக்கூடிய ஒரே ஆள் உன் அத்தான். “இதுல ஒரு வார்த்தையாவது நிஜமா, நீங்களே சொல்லுங்க” என்று அவரிடம் நீட்டினேன். கடைசிப் பக்கம் வரை நிதானமாகப் படித்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, “பையன் ரொம்ப அடக்கித்தான் எழுதியிருக்கான்” என்றார். அன்றிலிருந்து அந்த மனுஷனோடு என் பேச்சு உப்பு, தண்ணீர், கரண்ட் பில் இவற்றோடு சரி.

சரி, இந்த ஊரில் அந்தப் புத்தகமே இல்லாமல் செய்துவிடுவோம் என்று முடிவெடுத்து, பேருந்து நிலையத்துக்குப் பக்கத்திலிருக்கும் புத்தகக் கடைக்குப் போய் இருந்த பிரதிகளை ஒன்று விடாமல் வாங்கி வந்து கட்டிலுக்கு அடியில் தள்ளினேன். நிம்மதியாக மூச்சு விட்டு ஒரு வாரம் ஆகவில்லை, அதே கடையின் கண்ணாடி ஜன்னல் முழுக்க நான் வாயைப் பிளந்துகொண்டு நிற்கிறேன்! “போட்டது எல்லாம் பறந்துடுச்சு மேடம், அதான் இரட்டிப்பா வரவழைச்சேன்” என்கிறார் கடைக்காரர். புத்தி எங்கே போயிற்றோ, அவற்றையும் வாங்கினேன். அடுத்த தடவை அடையாளம் தெரியக் கூடாதென்று மாஸ்க் போட்டுக்கொண்டு போனேன். கடைக்காரர் வாசலிலேயே ஒரு நாற்காலியும் பேனாவும் வைத்துக்கொண்டு, “வாங்க அத்தை, கையெழுத்துப் போட்டுக் கொடுத்தீங்கன்னா இன்னும் நல்லாப் போகும்” என்கிறார். நீ என்ன செய்தாய்? அன்று சாயங்காலமே எனக்குப் போன் பண்ணி, “அக்கா, உங்க ஊர்ப் பசங்க எப்படிப் படிக்கிறாங்க தெரியுமா? பதிப்பாளரே அசந்து போயிட்டாருக்கா!” என்று குதித்தாய். அசந்து போனது நான்தானடா! கட்டிலுக்கு அடியில் இடமில்லாமல் போனதும் உன் அத்தான் தாராள மனசோடு கிளம்பிவிட்டார். கேஸ் சிலிண்டர் போடுகிறவர், முடிவெட்டுகிறவர், பால் பாக்கெட் கொண்டுவருகிறவர், எல்லோர் வீட்டுப் பிள்ளைகளுக்கும் ஆளுக்கொன்று.

இது போதாதென்று பெரிய பிள்ளைகளுக்கு அறிவியல் புத்தகம் வேறு! தூக்கத்தைப் பற்றி எழுதுவதானால் எழுது, யார் வேண்டாம் என்றது? அதில் குறட்டை எப்படி வருகிறது என்று விளக்க, உயிரோடு இருக்கும் சொந்த அக்காவின் மூக்கையும் தொண்டையையும் நெடுக்காக வெட்டி, போகிற காற்றுக்கு நீல அம்பு, வருகிற காற்றுக்குச் சிவப்பு அம்பு என்று விளாசியிருக்கிறாய். மச்சத்தை மட்டும் வெட்டவில்லை. யாருடைய மூக்கு என்று தெரிய வேண்டுமே! அதுவும் தப்பும் தவறுமாக. உள்நாக்குக்குப் போட வேண்டிய அம்பு டான்சிலில் குத்தி நிற்கிறது. குழந்தைகள் வார்டில் தலைமை நர்ஸாக இருக்கிற அக்காவிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கக் கூடாதா? இப்போது இங்குள்ள உயர்நிலைப் பள்ளிக் கண்காட்சியில் காகிதக் கூழில் செய்த என் மூக்கு கதவு உயரத்துக்கு நிற்கிறது. உள்ளே வாக்குவம் கிளீனரை ஓடவிட்டிருக்கிறார்கள். சத்தம் அச்சு அசலாம்.

இதையெல்லாம் கூடப் பொறுத்துக்கொண்டேன் தம்பி. போன வாரம் நடந்ததைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. எங்கள் வார்டில் எட்டு வயதுக் குட்டி ஒருத்தி. டான்சில் வீங்கி, தூங்கும்போது மூச்சு நின்று நின்று வருகிறது. ஆபரேஷன் செய்து எடுத்தே ஆக வேண்டும். தியேட்டருக்குக் கொண்டுபோகத் தள்ளுவண்டி வந்ததும் கட்டில் கம்பியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு வரமாட்டேன் என்றுவிட்டாள். அம்மா அழுகிறாள், அப்பா பொம்மைக் கடையையே வாங்கித் தருகிறேன் என்கிறார், குட்டி அசையவில்லை. பயமா என்று கேட்டால் அதுவும் இல்லையாம். “டான்சிலை எடுத்தா குறட்டை போயிடும்னு டாக்டர் சொன்னாரு. அப்புறம் எங்க தெருவை யாரு பாத்துப்பா?” என்கிறாள். தலையணைக்கு அடியில் உன் புத்தகம்! பள்ளிக்கூடத்தில் அவளைக் குறட்டைக்காரி என்று கேலி செய்துகொண்டிருந்தார்களாம். உன் கதையைப் படித்த பிறகுதான் தலைநிமிர்ந்து நடந்தாளாம். ஒரு பிள்ளையின் மூச்சு உன் கதையால் ஊசலாடுகிறது என்று நான் நடுங்கிப்போய் நிற்கிறேன். ஜென்மத்தில் சிரித்தறியாத எங்கள் அறுவை டாக்டர் அந்த அட்டையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். “சிஸ்டர், மாஸ்க்கை எடுங்க” என்றார்.

எடுத்தேன். வேறு வழி? குட்டியின் கண் இரண்டும் மச்சத்தில் வந்து நின்றன.

“உன் தெருவையும் சேர்த்து நானே பாத்துக்கறேன் கண்ணு. நீ இத்தனை நாள் பாத்தது போதும், லீவு எடுத்துக்கோ” என்றேன்.

“நீங்க நிஜ அத்தைதான்னு எப்படி நம்புறது? விட்டுக் காட்டுங்க.”

டாக்டர் நாற்காலியை இழுத்துப் போட்டார், தம்பி! பயிற்சி நர்ஸுகள், அப்பா அம்மா, தள்ளுவண்டிக்காரர் எல்லோரும் பார்த்திருக்க உட்கார்ந்து கண்ணை மூடினேன். ஒப்புக்குத்தான் ஆரம்பித்தேன். பிறகு என்ன ஆனதோ, தட்டில் இருந்த கத்தரிக்கோல்கள் கிணுகிணுவென்று ஆடின. பக்கத்து வார்டு ஆயா ஓடி வந்து, “எந்த மெஷின் ரிப்பேர்?” என்றாள். குட்டி மட்டும் சிரிக்கவில்லை. தலையைச் சாய்த்து, பரீட்சை வைக்கிறவள் மாதிரி கடைசி வரை கேட்டாள். “எங்க தெரு வரைக்கும் கேக்கும். சரி, கூட்டிட்டுப் போங்க” என்று கம்பியை விட்டாள். உள்ளே போகும்வரை என் விரலை மட்டும் விடவில்லை.

ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. மறுநாள் தொண்டை வலியில் பேச முடியாமல், காதருகே கையை வைத்து, காவல் நடக்கிறதா என்று சைகையில் கேட்டாள். நானும் தலையாட்டித் தொலைத்தேன். முதல் தடவையாகப் பிள்ளை வாயை மூடிக்கொண்டு தூங்குகிறது என்று அவள் அம்மா என்னைக் கட்டிக்கொண்டு அழுதாள். அது இருக்கட்டும், என் மிடுக்கு என்ன ஆவது? நான் நடந்து வந்தாலே வார்டு வாயை மூடும். இப்போது அந்தச் சிரிக்காத டாக்டரே ரவுண்ட்ஸ் வரும்போது, “தெருவெல்லாம் பத்திரமா சிஸ்டர்?” என்று கேட்கிறார். எனவே, உடனடியாக அந்தப் புத்தகங்களைத் திரும்பப் பெற வேண்டும். முடியாதென்றால் மச்சத்தையாவது எடுக்க வேண்டும். எதற்கும் என் காலில் வந்து விழ வேண்டும்.

உன் மனைவிக்கு என் அன்பு. பிள்ளைகள் நீண்ட ஆயுளும் நல்ல படிப்புமாக இருக்கட்டும். நீ மட்டும் இந்த ஆசீர்வாதத்துக்கு வெளியே நில்.

இப்படிக்கு,
உன் அக்கா (ஊருக்கு அத்தை அல்ல)

பின்குறிப்பு: உறையை ஒட்டப் போகும்போது உன் மனைவி போனில் சொல்கிறாள், அடுத்த புத்தகத்தில் அத்தையே கிடையாதாம், ‘தும்மல் மாமா’தான் கதாநாயகனாம், அது உன் அத்தானாம், அவரும் தலையாட்டிவிட்டாராம்! அந்த மனுஷன் தும்மினால் மெழுகுவர்த்தி கூட அணையாது. மேலே எழுதியதில் ஒரு வரியையும் பொருட்படுத்தாதே, மச்சம் இருந்த இடத்திலேயே இருக்கட்டும். எனக்கு விக்கல் எடுத்தால் எதிர் வீட்டில் கதவைத் திறந்து பார்க்கிறார்கள், அது உனக்குத் தெரியுமா? ஞாயிற்றுக்கிழமை நானே கிளம்பி வருகிறேன். படம் வரைகிறவரையும் வரச் சொல்லி வை.