ரேடியோ ஏற்றி வந்த எங்கள் வீடு

காஜா பெராங்கில் ரேடியோவின் காதுக்குப் போன எந்தச் செய்தியும் ரகசியமாக இருந்ததில்லை. அவர் மாட்டு வண்டிக்காரர். அவருடைய சொந்தப் பெயர் அவர் மாட்டுக்காவது தெரியுமா என்பது சந்தேகம். அவர் "மெல்ல" என்று சொன்னாலே காக்கை பறக்கும். அப்படி ஒரு தொண்டை.

மெர்டேக்கா என்று நாட்டுக்குச் சுதந்திரம் வந்த வருடம், கல்யாணமான புதிதில், ஜாலான் பெண்டஹாரா தெருவில் ஒரு கடையின் பின்னறையிலிருந்து காஜா பெராங்குக்கு வீடு மாறினோம். என் கணவர் கிராணி, ஆபீஸில் கணக்கு எழுதுகிறவர். அவருடைய வெள்ளைச் சட்டைக்கும் எங்கள் வீட்டுச் சாமானுக்கும் சம்பந்தமே கிடையாது.

"யார் கண்ணுலயும் படக்கூடாது. எல்லாரும் படுத்திருக்கிற மத்தியானத்துல போயிடலாம்" என்றார். அந்த வெயிலில் வர ஒப்புக்கொண்ட ஒரே வண்டி ரேடியோவுடையது.

புது வீட்டு வாசலில் வண்டி நின்றது. ரேடியோ ஒவ்வொரு சாமானாக இறக்கி, ஏலம் போடுகிறவர் மாதிரி கூவினார்.

"கிழிஞ்ச பாய் ஒண்ணு! பிடி போன சட்டி ஒண்ணு! கால் ஒடிஞ்ச நாற்காலி ஒண்ணு!"

"அண்ணே, மெதுவா சொல்லுங்களேன்" என்று கெஞ்சினேன்.

"அதெப்படிம்மா? நாளைக்கு ஒண்ணு காணோம்னா என்னைத்தானே சொல்லுவீங்க? ஓட்டை வாளி ஒண்ணு!"

எதிர்வீட்டு ஜன்னல் திறந்தது. என் கணவர், யாருடைய சாமானோ வந்து இறங்குகிறது என்பதுபோல் வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

கடைசியாக இரும்புப் பெட்டி. கௌரவத்துக்காக என் கணவர் வாங்கி, பித்தளைப் பூட்டும் போட்டு, தானே வண்டியில் ஏற்றி வைத்திருந்தது. ரேடியோ மூச்சைப் பிடித்துத் தூக்கினார். பெட்டி காகிதம் மாதிரி வந்ததில் மல்லாந்து விழப் பார்த்தார்.

"ஐயோ, பெட்டி காலி! வழியில எவனோ திருடிட்டான்! ஓடியாங்க!"

தெருவே ஓடி வந்தது. ஒருவர் கையில் கட்டை. இன்னொருவர் போலீசுக்குப் போக சைக்கிளில் ஏறிவிட்டார். என் கணவர் வாயைத் திறக்க வேண்டியதாயிற்று.

"அதுல ஒண்ணும் இல்லப்பா."

"இப்ப இல்லீங்க ஐயா, முன்ன என்ன இருந்துச்சு?"

"முன்னயும் ஒண்ணும் இல்ல."

"ஒண்ணுமே இல்லையா!"

நான் உள்ளே ஓடிக் கதவுக்குப் பின்னால் நின்றுகொண்டேன். எங்களிடம் விறகுகூட இல்லை என்பதை ரேடியோ எப்படியோ கண்டுபிடித்து, எதிர்வீட்டு மலாய்க்கார அம்மாவிடம் மலாயில் முழங்கினார். கொஞ்ச நேரத்தில் அந்த அம்மா அவித்த மரவள்ளிக்கிழங்கும் கோப்பியும் கொண்டு வந்தார். வாங்கும்போது என் தலை நிமிரவில்லை. என் கணவர் சுவரைப் பார்த்தபடியே சாப்பிட்டார்.

கூடவே உட்கார்ந்து தின்ற ரேடியோ என் பக்கம் குனிந்தார்.

"நான் கல்யாணம் கட்டி வந்தப்ப எங்ககிட்ட ஒரு பானைகூட இல்லம்மா. என் சம்சாரம் அழுதுக்கிட்டே இருந்துச்சு."

பக்கத்திலிருந்த என் கணவருக்குக்கூட அது கேட்கவில்லை. நான் ரேடியோவின் தட்டில் இன்னொரு கிழங்கை எடுத்து வைத்தேன், இருந்ததிலேயே பெரியதாகப் பார்த்து.