மைடப்பி அக்காவும் நான்கு வாரக் கெடுவும்

திருப்பதியில் இருக்கும் கண்களை எல்லாம் நிறுத்தி ஒரு தேர்தல் வைத்தால், மைடப்பி அக்காவின் இரண்டு கண்களும் ஜெயிக்கும். மற்ற கண்கள் அத்தனையும் டெபாசிட் இழக்கும். இதை நான் வயிற்றெரிச்சலோடுதான் எழுதுகிறேன். நல்ல மனசோடு எழுதுகிறேன் என்று சொன்னால் என்னைத் தெரிந்தவர்கள் சிரிப்பார்கள்.

பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருந்த ஒரு பெண்கள் ஹாஸ்டலில் நாங்கள் இரண்டு பேரும் ஒரே அறை. நான் நகரிப் பக்கத்துக்காரி, ஒரு கோச்சிங் சென்டர் ஆபீசில் வேலை. அக்காவுக்குக் கார்வேட்டிநகரம். தினமும் பஸ் பிடித்து ரேணிகுண்டாவில் ஒரு கூரியர் ஆபீசுக்குப் போய் வந்தாள். அவளுக்கும் அப்பா அம்மா வைத்த பெயர் ஒன்று இருந்தது. அது வார்டனம்மாவின் ரிஜிஸ்டரோடு நின்றுவிட்டது. கைப்பையில் எது இல்லாவிட்டாலும் ஒரு பித்தளை மைடப்பி இருக்கும் என்பதால் ஹாஸ்டல் முழுக்க அவள் மைடப்பிதான்.

அவளுக்குப் பார்வை மைனஸ் ஆறு. கண்ணாடியைக் கழற்றிவிட்டால் எதிரில் நிற்பது நானா பீரோவா என்று தெரியாது. ஒருநாள் மேனேஜரைப் பற்றிக் கால் மணி நேரம் பீரோவிடம் குறை சொல்லிவிட்டு, "இன்னாடி, உம்முனு இருக்க?" என்று அதன் கைப்பிடியைத் தட்டினாள். அப்பேர்ப்பட்டவள், ஓடுகிற ரேணிகுண்டா பஸ்ஸில், முகம் பார்க்கும் கண்ணாடி இல்லாமல், மோதிர விரலால் ஒரு இழுப்பு இழுத்தால் கோடு அச்சடித்த மாதிரி விழும். ஸ்பீட் பிரேக்கர்கூட அவள் போட்டு முடிக்கிறவரை காத்திருக்கும் போல. நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு அரை மணி நேரம் போட்டால், வலது கண் கல்யாணத்துக்கும் இடது கண் கருமாதிக்கும் கிளம்பின மாதிரி இருக்கும்.

மையையும் அவளே செய்வாள். ஞாயிற்றுக்கிழமை காலை வார்டனம்மா கோயிலுக்குப் போனதும் அறையில் விளக்கெண்ணெய் தீபம் எரியும். இரண்டு பக்கமும் டம்ளர், மேலே கவிழ்த்த பித்தளைத் தட்டு. படிந்த கரியைச் சுரண்டி, இரண்டு சொட்டு விளக்கெண்ணெய் விட்டுக் குழைத்து, டப்பியில் மீதியிருக்கும் பழைய மையோடு சேர்த்துவிடுவாள்.

"பழசக் கழுவிட்டு வெக்கலாமேக்கா?"

"தயிருக்கு உறை ஊத்தறது இல்லியா? அது மாதிரிதான்டி. பத்தாவது படிக்கசொல்ல ஆரம்பிச்ச மை. இன்னி வரைக்கும் டப்பி காலியானதே கெடியாது."

ஒரு ஞாயிறு வார்டனம்மா சீக்கிரம் திரும்பிவிட்டார். வாசலிலேயே மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "ஏமம்மா இதி? ரூமுல ஓமமா பண்றீங்க?" என்று தெலுங்கும் தமிழுமாகக் கத்தினார். நான் கட்டிலுக்கு அடியில் புகலாமா என்று பார்த்தேன். அக்கா நிதானமாக எழுந்து, "எல்லாம் உங்களுக்குத்தான் மேடம்" என்று அவருடைய முகவாயைப் பிடித்துத் திருப்பி இரண்டு கண்ணிலும் மையை இழுத்துவிட்டாள். அடுத்த ஞாயிறு முதல் வார்டனம்மா கோயிலிலிருந்து நேராக எங்கள் அறைக்குத்தான் வந்தார்.

இவ்வளவு அழகிலும் எனக்கு ஒரே ஒரு ஆறுதல் இருந்தது: அவளுடைய மூக்குக் கண்ணாடி. மைனஸ் கண்ணாடி கண்ணைச் சிறிதாக்கிக் காட்டும். அதை மாட்டியிருக்கிறவரை அவளும் எங்களில் ஒருத்திதான். ஆனால் யாராவது போட்டோவுக்கு போனைத் தூக்கினால் போதும், கண்ணாடியைக் கழற்றிவிடுவாள். அதோடு அந்தப் படத்தில் நாங்கள் யாரும் இல்லை.

என் பிறந்தநாள் போட்டோவை ஊரில் அம்மாவிடம் காட்டினேன். புதுச் சுடிதார், தலை நிறைய மல்லிப்பூ, நடுவில் நான். அம்மா இரண்டு விரலால் படத்தைப் பெரிதாக்கினாள். பெரிதாக்கப் பெரிதாக்க நான் ஓரத்துக்குப் போய் மறைந்தே போனேன். "யாருடி இந்தப் பொண்ணு? கண்ணு இன்னா லட்சணமா கீது!" என்றாள். பெற்ற தாயே இப்படிச் செய்தால் ஊராரை நான் என்ன சொல்ல?

அந்தச் சமயத்தில்தான் ஹாஸ்டல் தோழி பவானிக்குக் கல்யாணம் நிச்சயமானது. அவள் குடிபாலாக்காரி, கல்யாணம் சித்தூரில் ஒரு மண்டபத்தில். மேடையில் மணமக்களோடு ஹாஸ்டல் பெண்கள் எல்லாரும் நின்று ஒரு போட்டோ எடுப்பார்கள், அது ஆல்பத்தில் நிரந்தரமாக இருக்கும். அந்த ஒரு படத்திலாவது பார்க்கிறவர்கள் என்னைப் பார்க்க வேண்டும். பச்சைப் பட்டு எடுத்தேன், அதற்கு வளையல் எடுத்தேன், வீடியோ பார்த்துப் பார்த்துக் கோடு போடப் பழகினேன்.

இது தெரியாமல் அக்கா ஒரு குண்டைத் தூக்கிப் போட்டாள்.

"கண்ணாடிய ஒழிச்சிடப் போறேன்டி. லேசர் பண்ணிக்கப் போறேன். நீதான் கூட வர்ற."

எனக்கிருந்த ஒரே ஆறுதலும் போயிற்று. "நான் எதுக்குக்கா?" என்றேன்.

"நீதான எப்பவும் என் கண்ணையே பாத்துக்கினு இருப்ப. உன்ன மாதிரி யாரு பாத்துப்பாங்க?"

பொறாமையில் முறைத்ததை எல்லாம் பாவம் அவள் பாசம் என்று எடுத்துக்கொண்டிருந்தாள்.

ஆபரேஷனுக்குச் சில நாள் முன்னாலேயே கண் ஆஸ்பத்திரியில் மை வைப்பதை நிறுத்தச் சொல்லிவிட்டார்கள். இமையோரம் சுத்தமாக இருக்க வேண்டுமாம். டாக்டரம்மா விளக்கு வைத்துப் பார்த்துவிட்டு, "இது இமையா, அடுப்படி சுவரா?" என்று கேட்டார். அக்கா பெருமையோடு உறை மை கதையைச் சொன்னாள். டாக்டரம்மா கையிலிருந்த பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

"பத்தாவதுல இருந்தா? அந்த டப்பிக்குள்ள எத்தனை கிருமி குடும்பம் நடத்துதோ! மொதல்ல அதைத் தூக்கிப் போடுங்க. லேசர் முடிஞ்சு ஒரு வாரத்துக்குக் கண்ணுல மை, மஸ்காரா, மினுமினுப்பு எதுவும் கூடாது. அப்புறமும் வீட்டு மை வேண்டாம். கடையில சீல் பிரிக்காத புதுசு வாங்குங்க. இமைமுடிக்கு வெளியே மட்டும் போடுங்க, உள் ஓரத்துல இழுக்காதீங்க. கலைக்கும்போது ஈரப் பஞ்சால ஒத்தி எடுங்க, தேய்க்கவே கூடாது. ஒருத்தர் மையை இன்னொருத்தர் போடக் கூடாது."

அக்கா எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள். எழுந்திருக்கும்போது மெல்லக் கேட்டாள். "மேடம், உறைக்கு ஒரு துளி மட்டும் எடுத்து வெச்சிக்கட்டுமா?"

டாக்டரம்மா மணியை அடித்தார். அடுத்த ஆளைக் கூப்பிட்டார்.

டப்பியை அவளால் கழுவ முடியவில்லை. நான்தான் வழித்துப் போட்டு, சோப்புப் போட்டு மூன்று தடவை தேய்த்துக் கழுவினேன். அவள் சுவரைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்துகொண்டாள்.

ஆபரேஷன் கொஞ்ச நேரத்தில் முடிந்தது. வெளியே வந்தபோது சிஸ்டர் ஒரு தாளில் நீலப் பேனாவால் எல்லாம் எழுதிக் கொடுத்தார். மேக்கப் கூடாது, 1 வாரம். ஆட்டோவில் வரும்போதே நான் விரல் விட்டு எண்ணினேன். பவானி கல்யாணம் அன்றிலிருந்து இருபதாம் நாள். மூக்குக் கண்ணாடியும் இல்லாமல், புது மையோடும் இவள் மேடையேறினால் என் பச்சைப் பட்டை யார் பார்ப்பார்கள்?

மத்தியானம் அவள் தூங்கும்போது, ஆபீஸ் கறுப்புப் பேனாவை எடுத்து அந்த 1ஐ 4 ஆக்கினேன். இரண்டே கோடு. என் வாழ்க்கையில் நான் ஒழுங்காகப் போட்ட கோடுகள் அவை இரண்டுதான். தாளைப் பீரோ கதவில் ஒட்டினேன். டாக்டரம்மா வாயால் சொன்ன ஒரு வாரம், உறை மை கவலையில் அவள் காதில் ஏறியிருக்காது என்று நம்பினேன். கண்ணுக்கு இன்னும் நல்லதுதானே என்று எனக்கு நானே தீர்ப்பும் சொல்லிக்கொண்டேன்.

குற்றம் செய்தவள் ஓவராகத்தான் உழைப்பாள். வேளை தவறாமல் சொட்டு மருந்து விட்டேன். தூங்கும்போது கண்ணுக்கு மூடி வைத்து ஒட்டினேன். கண்ணில் தண்ணீர் படக் கூடாது என்று அவளை மல்லாக்கப் படுக்கவைத்துத் தலை அலசிவிட்டேன். கை கண் பக்கம் போனால் பட்டென்று அடித்தேன். மருந்து ஒத்துக்கொள்கிறதா, சிவந்திருக்கிறதா என்று தினமும் முகத்துக்கு நேரே குனிந்து பார்த்தேன். பார்க்கிறபோதெல்லாம் வயிறும் எரிந்தது. மை இல்லாமலேயே அந்தக் கண்கள் அப்படித்தான் இருந்தன.

"அக்கா தங்கச்சின்னா இப்படி இருக்கணும்" என்று வார்டனம்மா மெஸ்ஸில் எல்லார் முன்னாலும் சொன்னார். நான் தட்டிலிருந்த பெசரட்டுத் தோசையைப் பொடிப்பொடியாகப் பிய்த்துக்கொண்டிருந்தேன்.

ஒரு வாரம் கழித்துச் செக்கப்புக்குப் போனாள். டாக்டரம்மா மேக்கப் பேச்சை எடுத்துவிடுவாரோ என்று வெளியே பெஞ்சில் நான் வேர்த்து ஊற்ற உட்கார்ந்திருந்தேன். அவள் வந்து, "எல்லாம் நல்லா இருக்குதாம்டி" என்றாள், அவ்வளவுதான். அறைக்கு வந்ததும் பீரோவில் இருந்த தாளைக் கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"இன்னும் மூணு வாரமாடி?"

"தாள்ல அப்படித்தானக்கா போட்டுக்கீது."

"போட்டிருந்தா சரிதான்" என்று காலி டப்பியை எடுத்துத் தோட்டைக் கழற்றி அதில் போட்டு மூடினாள்.

கல்யாணத்தன்று சித்தூர் மண்டபத்தில் அடுப்புக்குள் நிற்கிற மாதிரி வெயில். நான் விடிகாலை எழுந்து போட்ட கோடு வேர்வையில் கரைந்து கன்னத்துக்கு வந்தது. தேய்த்தேன். தேய்க்கத் தேய்க்க யாரோ என்னைக் குத்திவிட்ட மாதிரி இரண்டு கண்ணையும் சுற்றிக் கறுத்தது. அந்த நேரம் பார்த்துப் போட்டோக்காரர், "ஹாஸ்டல் பேட்ச் வாங்கம்மா!" என்றார்.

அக்கா என் கையைப் பிடித்து மணமகள் அறைக்கு இழுத்துக்கொண்டு போனாள். சோப்புப் போட்டுக் கை கழுவினாள். பஞ்சை நனைத்துத் தேய்க்காமல் ஒத்தி ஒத்தி எடுத்தாள். "உன் மைப் பென்சிலக் குடு. தல ஆட்டாத. இமைமுடிக்கு வெளியதான் போடணும், டாக்டரம்மா சொன்னாங்க இல்ல?"

ஒரு இழுப்பு. இன்னொரு இழுப்பு. கண்ணாடியில் பார்த்தால், நான்தானா என்று எனக்கே சந்தேகம். ஆசைப்பட்டது கிடைத்துவிட்டது, ஆனால் அவளுடைய வெறும் கண்ணைப் பார்க்க எனக்கு முகமில்லை.

"நீயும் கொஞ்சம் போட்டுக்கோக்கா. இன்னிக்கு ஒருநாள் பரவால்ல" என்று உளறினேன்.

"உன் பென்சில நான் போட்டுக்கக் கூடாதுடி. அதும் இல்லாம இன்னும் நாலு வாரம் ஆவலியே." பென்சிலை மூடி என் கையில் வைத்தாள். "ஆபரேஷனுக்கு மறுநாள் காலைல கண்ணாடி இல்லாம நான் மொதமொதல்ல படிச்சது அந்தத் தாளுதான் தெரியுமா? ஒன்னு நீலம். மிச்ச கோடு கறுப்பு. எவ்ளோ பளிச்சுனு தெரிஞ்சிது!"

"ஏங்க்கா கேக்கல?"

"கேட்டா நீ வெக்கப்பட்டு ஓடிடுவ. அப்பறம் மருந்து யாரு ஊத்துவா? எங்க ஊட்ல அத்தினி பேர் கீறோம். இவ்ளோ கிட்ட வந்து என் மூஞ்சப் பாத்தவங்க ஒருத்தரும் இல்ல. மை எங்கடி போவுது, எப்ப வேணா வெச்சிக்கலாம்." என் முந்தானையைச் சரி செய்துவிட்டாள். "ஒரு போட்டோதானடி? கேட்டிருந்தா விட்டுக் குடுத்திருப்பேனே."

எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

"அய்ய, அழாத. கோடு போயிடும்."

"நீ போட்டது போவாதுக்கா" என்றேன். போகவும் இல்லை.

அந்த ஹாஸ்டலை விட்டு இரண்டு பேரும் வந்துவிட்டோம். அக்கா இப்போது கடையில் வாங்கிய மைதான் வைக்கிறாள், இமைக்கு வெளியே மட்டும். உறை போட்டுக்கூட வைக்க முடியாத மை எல்லாம் ஒரு மையா என்று போனில் திட்டிக்கொண்டே வைக்கிறாள்.

கல்யாணப் போட்டோ எங்கள் வீட்டுக் கூடத்தில் மாட்டியிருக்கிறது. பச்சைப் பட்டில் நான், பக்கத்தில் வெறும் கண்ணோடு அக்கா. வருகிறவர்கள் எல்லாரும் நான் ஆசைப்பட்டபடியே என்னைத்தான் பார்க்கிறார்கள். அம்மாகூட, "நம்ம பொண்ணுக்கு இவ்ளோ அழகான கண்ணா!" என்று வாய் பிளக்கிறாள். நான் மட்டும் அந்தப் படத்தில் என்னைப் பார்ப்பதே இல்லை. இன்னும் அவளுடைய கண்ணையேதான் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.