காலிச் சட்டம்

"அந்தச் சட்டம் சும்மாத்தானே தொங்குது, சாமி படமாவது வைங்களேன்," என்றாள் வாசுகி, தோசையைத் திருப்பிப் போட்டபடி.

"சாமிக்கு லைசென்ஸ் வேணாம். நமக்குத்தான் வேணும்," என்றார் கணவர் சதாசிவம்.

கெலாங் பாத்தா சாலையோரத்தில் தகரக் கூரை போட்ட தோசைக்கடை. அதன் பலகைச் சுவரில் தங்க நிறக் கண்ணாடிச் சட்டம் ஒன்று பதினான்கு மாதமாகக் காலியாகத் தொங்கியது. பாசிர் கூடாங் ஃபேக்டரியில் இருபத்தாறு வருஷம் ஷிப்ட் பார்த்து ஓய்ந்த மனுஷனுக்கு இந்தக் கடைதான் சோறு. லைசென்சுக்கு மனுப் போட்ட ரசீதை மட்டும் சுவரில் ஒட்டி வைத்திருந்தார். அதிகாரிகள் வந்தால் அதைக் காட்டுவார். மனு பரிசீலனையில் இருக்கிறதா, சரி என்று தே தாரிக் டீயைக் குடித்துவிட்டுப் போவார்கள்.

நகராண்மைக் கழகக் கவுண்டரில் வேலை பார்க்கும் சுப்ஹான்தான் தினமும் முதல் ஆள். காலை ஏழரைக்கு இரண்டு நெய்த்தோசை.

"தம்பி, என் பைல் என்னாச்சு?"

"ப்ரோசஸ்ல இருக்குண்ணே. அவசரப்படாதீங்க லா. சட்னி கொஞ்சம் போடுங்க."

பதினான்கு மாதமாக இதே பதில், இதே சட்னி. தின்கிற தோசைக்காவது விசுவாசம் வேண்டாமா? சதாசிவம் போனை எடுத்தார். இணையத்தில் ஒரு புகாரைத் தட்டிவிட்டார்.

ஒரே வாரத்தில் கழகத்திலிருந்து இரண்டு பேர் அளவு டேப்போடு வந்தார்கள். கடையை அளந்தார்கள், சாலையை அளந்தார்கள், நடுவில் ஓடிய வடிகாலையும் விடவில்லை.

"பாத்தியா? அழுத பிள்ளைக்குத்தான் பால்!" என்று மனைவியிடம் பெருமையடித்து, வந்தவர்களுக்கு வடை கட்டிக் கொடுத்தனுப்பினார்.

மறுநாள் சுப்ஹானுக்குத் தோசை இறங்கவில்லை. "எதுக்குண்ணே புகாரெல்லாம்? கடை நல்லாத்தானே ஓடுது. சும்மா இருங்கண்ணே."

"நீ சும்மா இருக்கிறதாலதான் தம்பி நான் கோர்ட்டுக்குப் போறேன்!"

வக்கீல் லோஷினி அவருடைய அண்ணன் மகள். "சித்தப்பா, ஒரு முடிவு எடுங்கன்னுதான் கோர்ட்டு உத்தரவு போடும். என்ன முடிவுன்னு சொல்லாது. கடை நிக்கிற இடத்துல பிரச்சனை ஒண்ணும் இல்லையே?"

"ஒரு மண்ணும் இல்லம்மா. முடிவு வந்தா போதும். சட்டம் ரெடியா இருக்கு."

நோட்டீஸ் போனது, பதில் இல்லை. வழக்குப் போட்டார்கள். முப்பது நாளில் முடிவெடுக்க வேண்டும் என்று நீதிமன்றம் கறாராகச் சொல்லிவிட்டது. அன்றைக்குக் கடைக்கு வந்தவர்களுக்கெல்லாம் கேசரி இலவசம். சுப்ஹான் மட்டும் கேசரியைத் தொடாமல் வெறித்துக்கொண்டிருந்தான். பொறாமை பிடித்த பயல் என்று சதாசிவம் நினைத்துக்கொண்டார்.

இருபத்தொன்பதாம் நாள் கடிதத்தைச் சுப்ஹானே கையில் எடுத்துக்கொண்டு வந்தான்.

சதாசிவம் கையைத் துடைத்துக்கொண்டு பிரித்தார். முதல் சொல்லே 'டுக்காசித்தா', அதாவது வருந்துகிறோம். நம்முடைய துக்கம்தான் மலாய்க்குப் போய், சட்டை மாட்டிக்கொண்டு திரும்பி வந்திருந்தது. கடை நிற்பது சாலைக்கு ஒதுக்கிய நிலமாம். லைசென்ஸ் தர வழியில்லையாம். பதினான்கு நாளில் இடத்தைக் காலி செய்ய வேண்டுமாம்.

வாசுகி கடிதத்தை வாங்கி, சட்டத்துக்குள் வைத்துப் பார்த்தாள். அளவு கச்சிதமாக இருந்தது.

சதாசிவத்துக்குக் கண் கலங்கிவிட்டது. கோபம் முழுவதும் எதிரே நின்றவன் மேல் பாய்ந்தது. "பாவி! என் தோசையத் தின்னுக்கிட்டே இத்தனை மாசமா என் பைலை மறந்து வச்சிருந்தியேடா!"

சுப்ஹான் தலையைக் குனிந்துகொண்டான்.

"மறந்து வைக்கலண்ணே, மறைச்சு வச்சேன். ப்ரோசஸ்ல இருந்த வரைக்கும்தானே கடை இருந்துச்சு!"