கும்மிடிப்பூண்டியில் ஒரு மழைக்காடு

ஆர்வக்கோளாறுக்கு மருந்தே கிடையாது. அனுபவப்பட்டவன் சொல்கிறேன், உப்புக்கு மட்டும் கொஞ்சம் கேட்கும்.

அப்போது நான் கும்மிடிப்பூண்டியில் ஒரு இரும்புக் கம்பி ஆலையில், சுற்றுச்சூழல் பிரிவில் டிரெய்னி. வேலை நிரந்தரமானால்தான் பெண் என்று என் மாமா கறாராகச் சொல்லியிருந்தார். நிரந்தரம் செய்ய வேண்டிய டைரக்டரோ சுற்றுச்சூழல் தின விழாவுக்கு நேரில் வருகிறார். நான் முந்தின வாரம்தான் வால்பாறை போய், மழைக்காட்டுப் பைத்தியம் முற்றித் திரும்பியிருந்தேன். ஒரே மரத்தில் எத்தனை பாசி, எத்தனை காளான், எத்தனை தவளை! இதைப் போய் ஸ்கிரீனில் படமாகக் காட்டுவதா? காட்டையே கொண்டுவந்துவிடுவோம்!

வால்பாறை நண்பன் தன் தோட்டத்திலிருந்து இரண்டு மூட்டை ஈரச் சருகு அனுப்பினான். மீட்டிங் ஹாலில் பரப்பினேன். ஏசியை அணைத்து, ஜன்னலைச் சாத்தி (கும்மிடிப்பூண்டி வெயிலில்!), காலையிலிருந்து தண்ணீர் தெளித்தேன். புழுக்கம் அசல் மழைக்காடுதான்.

கேன்டீன் பாபு அண்ணன் எட்டிப் பார்த்தார். "இன்னாப்பா இது, குப்பையைக் கொட்டி வச்சிக்கினு கீற?"

"குப்பை இல்லண்ணே, உயிர்!"

நான் சொன்னது எவ்வளவு உண்மை என்று எனக்கே அப்போது தெரியாது.

டைரக்டர் வெள்ளை பேண்ட்டில் வந்தார். சருகுக்கு நடுவிலேயே நாற்காலி போட்டு உட்கார வைத்தேன். ஒரு பிடி அள்ளி உயர்த்தினேன். "சார், மேகத்தை மழையாக்குறதும், ஆத்துக்குத் தண்ணி கொடுக்குறதும் இந்தக் காடுதான். இந்தச் சருகுக்குள்ள எண்ண முடியாத உயிர் இருக்கு!" கைதட்டல் தூள் பறந்தது.

டீ கொண்டுவந்த பாபு அண்ணன் நின்றுவிட்டார். "சார், காலாண்ட இன்னாது, ரத்தம் மாரி கீது?"

பேண்ட்டைத் தூக்கினால், கணுக்காலில் நாலு அட்டைப்பூச்சிகள் கொழுகொழுவென்று தொங்கின. டைரக்டர் நாற்காலி மேல் ஏறினார். முன்வரிசை மொத்தமும் ஏறியது. அப்போதாவது நான் வாயை மூடியிருக்கலாம்.

"சந்தோஷப்படுங்க சார்! அட்டை இருந்தா அங்க மிருகம் நிறைய இருக்குன்னு அர்த்தம்!"

"இங்க மிருகம் யாருய்யா, நானா?"

பாபு அண்ணன் உப்பு ஜாடியோடு ஓடிவந்து காப்பாற்றினார். அன்று மதியச் சாம்பாரில் உப்பே இல்லை. ஷிஃப்ட் முழுவதும் என்னை வாழ்த்தியது (வார்த்தைகளை அச்சில் ஏற்ற முடியாது).

எளாவூர் செக்போஸ்ட் லாரி மாதிரி என் கல்யாணம் நின்றே போச்சு என்று நினைத்தேன். மாலை, காலில் பஞ்சோடு டைரக்டர் கூப்பிட்டார். "வருஷா வருஷம் இந்த விழாவுக்கு வரேன். இன்னிக்குத்தான் தூங்காம இருந்தேன்."

வேலை நிரந்தரமானது. மாமா பெண்ணைக் கொடுத்தார்.

போன மாதம் என் மகள் பள்ளிக்காக மழைக்காடு வரைந்தாள். உச்சியில் இருவாச்சிப் பறவை, நடுவில் சிங்கவால் குரங்கு, தரையில் காளான், தவளை. மூலையில், வெள்ளை பேண்ட் போட்ட ஒருவர் நாற்காலி மேல் நிற்கிறார்.

"இது என்ன உயிரினம்?" என்று டீச்சர் கேட்டாராம்.

"டைரக்டர், மிஸ். எங்கப்பா காட்டுல மட்டும்தான் இருக்கும்."