வேலை பார்த்ததுக்கு ஒரு கடுதாசி

"எங்க கம்பெனியில சின்னப் புள்ளைக வேல பாக்குறதே இல்லம்மா" என்றார் மேனேஜர் காசிராஜன்.

வெள்ளைத்தாய் அவர் முகத்தையே பார்த்தாள். "எம்மக செல்வலட்சுமி ஒம்பது வயசுல இருந்து இங்கனதானய்யா பட்டாசுச் சரம் பின்னுனா? விடியமுன்ன வேன் அனுப்புனதே நீங்கதான."

"பின்னுனது வேற. எழுதித் தாரது வேற."

பட்டாசு வேலையிலிருந்து மீட்ட பிள்ளைகளுக்கென்று பல்கலைக்கழகத்தில் நர்சிங் படிப்புக்கு ஒரே ஒரு இடம் இருந்தது. செல்வலட்சுமியிடம் மார்க் இருந்தது. மீட்டுச் சேர்த்த பள்ளிக்கூடத்து ரிக்கார்டும் இருந்தது. ஆனால் சின்ன வயதில் வேலை பார்த்ததாக முதலாளியிடமே கடிதம் வாங்கி வரவேண்டுமாம். இந்த விதியை எழுதிய புண்ணியவான் கம்பெனி இருக்கும் ஏழாயிரம்பண்ணைப் பக்கம் தலைவைத்துக்கூடப் படுத்திருக்க மாட்டான்.

பத்து நாள் கேட்டில் நின்றபின் காசிராஜன் இறங்கிவந்தார். "சரி, தாரேன். வயசு மட்டும் பதினெட்டுன்னு போட்டுக்கிடுதேன்."

வெள்ளைத்தாய்க்கு எழுதப் படிக்கத் தெரியாது. கடிதம் கிடைத்ததே போதுமென்று கும்பிட்டு வாங்கிக்கொண்டாள்.

பல்கலைக்கழக கிளார்க் சோலைமலை விரல்விட்டு எண்ணினார். "தொண்ணூத்தெட்டுல வேலைக்குச் சேரும்போதே பதினெட்டுன்னு போட்டுருக்கு. அப்ப இப்ப இருபத்தாறு. வயசு தாண்டிருச்சும்மா."

"எனக்கே முப்பத்தஞ்சுதான் சார்."

"அத நீங்கதான் விளக்கணும்."

அடுத்து தொழிலாளர் அதிகாரியிடம் ஓடினாள். அவர் பதறிப்போனார். "இங்க குழந்தைத் தொழிலாளரே இல்லன்னு இப்பத்தான் ரிப்போர்ட் அனுப்புனோம். உங்க மக வேல பாத்தது உண்மைன்னு நாங்க எழுதுனா, வேலைக்கு அனுப்புன உங்க மேலயும் கேசு வரும்."

"போடுங்க சார். அந்தக் கேசுக் காயிதத்தக் காட்டுனா சீட்டு தருவாகளா?"

அதிகாரி டீ குடிக்க எழுந்து போய்விட்டார்.

வீட்டுக்கு வந்தவள் உடைந்து அழுதாள். "ஒன்ன வேன்ல ஏத்துன பாவி நாந்தான். ஏத்துனேன்னு நான் சொன்னாக்கூட ஒருத்தரும் நம்ப மாட்டேங்காகளே."

"விடும்மா. நான் மறுபடி கம்பெனிக்கே போறேன்" என்றாள் செல்வலட்சுமி. அவளுக்கு அழுகைகூட வரவில்லை.

அதைக் கேட்டபின் வெள்ளைத்தாய்க்கு இருப்புக்கொள்ளவில்லை. இலவச சட்ட உதவி வக்கீல் அழகுமீனாவைத் தேடிப்பிடித்தாள். வழக்கு மதுரை ஹைகோர்ட்டுக்குப் போனது.

"சட்டத்தை மீறியவரே கையெழுத்துப் போட்டுத் தந்தால்தான் சீட் என்றால், எந்த முதலாளி தருவார்?" என்று நீதிபதி கேட்டார். பல்கலைக்கழகத்து வக்கீல் ஃபைலைப் புரட்டினார். முதலாளி கடிதம் கேட்கக் கூடாது, பள்ளி ரிக்கார்டே போதும், மனுதாரரைச் சேர்த்துக்கொள்ளப் பரிசீலிக்கவும் என்று உத்தரவானது.

உத்தரவு நகல் கைக்கு வர எட்டு நாள் ஆனது. வெள்ளைத்தாய் மகளுக்குப் புதுச் சேலை கட்டிவிட்டுக் கூட்டிப்போனாள். பஸ் முழுக்க, பக்கத்து சீட்டுக்காரியிடமெல்லாம் எம்மக நர்சு என்று சொல்லிக்கொண்டே வந்தாள்.

சோலைமலை உத்தரவை இரண்டு தரம் படித்தார். அதை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். மதியம் வரை வெளியே வரவில்லை.

டீ டம்ளர் எடுக்க வந்த பியூன் செல்லச்சாமிதான் மனசு கேளாமல் அவர்கள் பக்கத்தில் நின்றார்.

"எம்புட்டு நேரந்தான் காத்திருப்பீக? அந்தச் சீட்டு போன வாரமே போயிருச்சும்மா. ஒரு பட்டாசுக் கம்பெனி முதலாளி, எங்க கம்பெனியில சின்ன வயசுல வேல பாத்த புள்ளதான்னு தைரியமாக் கையெழுத்துப் போட்டு லெட்டர் குடுத்துட்டாரு, அவரு சொந்த மகளுக்கு."